கட்டை அவிழ்க்கும் முன்: ஓலைச்சுவடிகளுக்குப் பொறுப்பானவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய கோயில் செயல் அலுவலர்களுக்கும், அறங்காவலர்களுக்கும், மடங்களின் காரியஸ்தர்களுக்கும், முன்னோர் காலத்துச் சுவடிகளைப் பரணில் வைத்திருக்கும் வைத்தியர், புலவர், கணக்கப்பிள்ளை குடும்பத்தாருக்கும்,

வணக்கம். சுவடிகளைத் துப்புரவு செய்வது, பட்டியலிடுவது, படம் எடுப்பது ஆகிய வேலைகளில் இருப்பவர்கள் நாங்கள்.

சுவடி தேடுவதில் இப்போது ஒரு வேகம் வந்திருக்கிறது. மத்திய அரசு 2003இல் சுவடிகளுக்கென்று தேசிய இயக்கம் ஒன்றைத் தொடங்கியது. 2025 வரவு செலவுத் திட்டத்தில் ஞான பாரதம் என்ற பெயரில், ஒரு கோடிக்கும் மேற்பட்ட சுவடிகளைப் பதிவு செய்யும் திட்டத்தை அறிவித்தது. தமிழ்நாட்டுக் கோயில்களில் உள்ள சுவடிகளைக் கண்டறிந்து பராமரிக்கும் பணியை அறநிலையத் துறையும் செய்து வருகிறது. மகிழ்ச்சிதான். எங்கள் கவலையெல்லாம், அறையின் பூட்டைத் திறந்த அந்த முதல் அரை நாளைப் பற்றியது. நூறு வருடம் இருட்டில் யாரும் தொடாமல் கிடந்து தப்பிய கட்டு, அந்த அரை நாளில் கெட்டுவிடும். ஒருவர் ஈரத்துணியால் துடைப்பார். ஒருவர் மஞ்சள் பூசுவார். முடிச்சு அவிழவில்லை என்று ஒருவர் கயிற்றை வெட்டுவார். முற்றத்து வெயிலில் பரப்பி வைத்துப் படம் எடுத்துவிட்டு, சரிந்த ஏடுகளை அள்ளி ரப்பர் பேண்ட் போட்டு உள்ளே வைப்பார்கள். எல்லாம் நல்லெண்ணத்தில் நடப்பவைதான்.

முன்பு இது இவ்வளவு ஆபத்தாக இருந்ததில்லை. ஓலை நைந்தால் புதிய ஓலையில் படியெடுத்துக்கொண்டு, பழையதை ஆற்றில் விடுவது வழக்கம். பின்னால் படியெடுப்பது நின்றது, ஆற்றில் விடுவது மட்டும் தொடர்ந்தது. கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலில் ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமத்தீயில் போட்டுவிட்டார்கள் என்று கேட்டு உ.வே.சாமிநாதையர் துடித்தது பலருக்கும் தெரிந்த செய்தி. இன்று நமக்குக் கிடைக்கும் தமிழ்ச் சுவடிகளில் பெரும்பாலானவை 18, 19ஆம் நூற்றாண்டுகளில் எழுதியவை. அவற்றைப் பார்த்து மறுபடி ஓலையில் எழுத யாரும் இல்லை. உங்கள் பெட்டியில் இருப்பது கடைசிப் படியாக இருக்கலாம்.

ஆகவே முதல் வேண்டுகோள்: உடனே கட்டை அவிழ்க்காதீர்கள். கிடந்த இடத்தில், கிடந்த நிலையிலேயே கைபேசியில் படம் எடுங்கள். மேலிருந்து ஒன்று, நான்கு பக்கவாட்டிலிருந்தும் ஒவ்வொன்று. பக்கவாட்டுப் படம் மிக முக்கியம். ஏடுகளின் விளிம்பில் உள்ள கறை, பூச்சித் துளை, ஒடிவு எல்லாம் ஏட்டுக்கு ஏடு தொடர்ந்து செல்லும். பிறகு கட்டு சரிந்துவிட்டால் வரிசையை மீட்க அந்தக் கறைதான் துணை. அடுக்கு குலையாமலிருக்க விளிம்பில் பென்சிலால் சாய்கோடு போடலாமா என்று சிலர் கேட்கிறார்கள். வேண்டாம், படமே போதும்.

அடுத்தது எண்ணிக்கை. கோயில் நகைகளுக்குக் கிராம், மில்லிகிராம் வரை பதிவேடு இருக்கும். கல் எத்தனை, தொங்கட்டான் எத்தனை என்றிருக்கும். சுவடிக்கு மட்டும் ‘பழைய ஓலைக்கட்டு – 1’ என்ற ஒற்றை வரியோடு பதிவு முடிந்தால், அந்தக் கட்டிலிருந்து நாற்பது ஏடு காணாமல் போனாலும் கட்டு ஒன்றாகவே இருக்கும். அலுவலர் மாறும்போது பொறுப்பு ஒப்படைப்பில் கையெழுத்தும் சரியாகவே இருக்கும். ஒவ்வொரு கட்டுக்கும் ஓர் எண் கொடுங்கள். நீள அகலத்தைச் செ.மீ. கணக்கில் எழுதுங்கள். மொத்த ஏடுகள், அவற்றில் எழுத்துள்ளவை, வெற்றேடுகள், எத்தனையாம் எண் முதல் எத்தனை வரை, நடுவில் விடுபட்ட எண்கள், மேலும் கீழும் மரச்சட்டம் உண்டா, முதல் ஏட்டின் முதல் வரி, கடைசி ஏட்டின் கடைசி வரி ஆகியவற்றைக் குறித்தால் போதும். ஓலையின் மீது எதையும் எழுதாதீர்கள், ஒட்டாதீர்கள். எண்ணை ஒரு தடித்த காகிதத் துண்டில் பென்சிலால் எழுதிக் கயிற்றில் கோத்துவிடுங்கள்.

ஏட்டெண் பெரும்பாலும் முன்பக்கத்தின் இடது ஓரத்தில் தமிழ் எண்ணாக இருக்கும். ௰ என்பது பத்து, ௱ என்பது நூறு. ௨௰௩ என்றிருந்தால் 23. இது தெரியாமல் எண்ணுகிறவர் ஒரு கட்டையே தாறுமாறாகப் பதிவு செய்துவிடுவார். வரிசை தவறியிருப்பது தெரிந்தாலும் உடனே திருத்தி அடுக்காதீர்கள். கண்டபடியே முதலில் பதியுங்கள். இரண்டு நூல்களை ஒரே கட்டாகக் கட்டியிருக்கலாம், அல்லது எழுதியவரே எண்ணைத் தவறவிட்டிருக்கலாம். கடைசி ஏட்டைத் தனியே படம் எடுங்கள். எழுதி முடித்த ஆண்டு, மாதம், நாள், எழுதியவர் பெயர், அவர் ஊர் இருந்தால் அங்கேதான் இருக்கும். தென்மாவட்டச் சுவடிகளில் கொல்லம் ஆண்டு வரும். கொல்லம் 1025 என்றால் கி.பி. 1849–50.

‘இது இலக்கியம் இல்லை, வெறும் கணக்கு’ என்று ஒதுக்கிவைத்த கட்டுகளைப் பற்றி ஒரு வார்த்தை. நாஞ்சில் நாட்டு அழகியபாண்டியபுரத்து முதலியார் வீட்டு ஓலைகள் கணக்கும் கடிதமும் ஒப்பந்தமுமாக இருந்தவைதாம். கவிமணி தேசிக விநாயகம் பிள்ளை அவற்றை வெளிக்கொண்டு வந்தார். அந்த நாட்டின் வரி, நிலம், அடிமை முறை பற்றியெல்லாம் பேச இன்று அவற்றைத்தான் எடுக்கிறோம். உங்கள் கோயிலில் எந்தத் திருவிழாவுக்கு எந்த ஊர் என்ன கொடுத்தது, எந்த நிலம் யாரிடம் குத்தகைக்கு இருந்தது என்பதெல்லாம் வேறெங்கும் இருக்காது. நூல் சுவடிக்காவது இன்னொரு ஊரில் இன்னொரு படி கிடைக்க வாய்ப்புண்டு. கணக்கோலைக்கு அந்த வாய்ப்பு மிகக் குறைவு.

இனி ஓலையைப் பற்றி. தமிழ்ச் சுவடிகளில் பெரும்பகுதி சாதாரணப் பனையோலை. தடிப்பானது, காய்ந்தால் மொடமொடக்கும், பூச்சிக்குப் பிடித்தமானது. தாளிப்பனை ஓலை மெல்லியது, அகலமானது, நன்றாக வளையும், நெடுங்காலம் இருக்கும். இரண்டிலும் எழுத்து எழுத்தாணியின் கீறல்தான். கரியும் எண்ணெயும் கலந்த மையைப் பிறகு பூசித் துடைத்திருப்பார்கள், கீறலுக்குள் போனது மட்டும் தங்கியிருக்கும். எனவே ஏடு வெறுமையாகத் தெரிந்தால் எழுத்து அழிந்துவிட்டது என்று முடிவு கட்டாதீர்கள். அறையை இருட்டாக்கி, ஒரு டார்ச்சை ஏட்டின் ஓரத்தில் தரையோடு சாய்த்துப் பிடித்துப் பாருங்கள், கீறல் நிழலாக எழும். ஆனால் மேல்தோல் உரிந்துவிட்டால் கீறலும் அதனோடு போய்விடும். அதற்கு மருந்து கிடையாது. அழுத்தித் துடைக்க வேண்டாம் என்று நாங்கள் திரும்பத் திரும்பச் சொல்வது இதனால்தான்.

தூசி தட்ட ஓர் அங்குல அகலமுள்ள மென்மையான மயிர்த்தூரிகை போதும். ஏட்டை மேசையில் வெள்ளைத் தாள்மீது வைத்து, நடுவிலிருந்து இரு நுனிகளை நோக்கி, நரம்பு ஓடும் திசையிலேயே தட்டுங்கள். குறுக்கே தட்டினால் விளிம்பில் பிரிந்திருக்கும் நார் மாட்டிக் கிழியும். கையைச் சோப்புப் போட்டுக் கழுவி நன்றாக உலர்த்திக்கொள்ளுங்கள். பருத்திக் கையுறையும் நாரில் மாட்டும், அதைவிட வெறுங்கை நல்லது. பூஞ்சை படிந்த கட்டு என்றால் மட்டும் ரப்பர் கையுறையும் என்95 முகக்கவசமும் கட்டாயம். உதிர்ந்த துணுக்குகளைக் குப்பையோடு கூட்டிவிடாதீர்கள். எந்த ஏட்டுக்கும் எந்த ஏட்டுக்கும் நடுவே கிடந்தது என்று எழுதிய காகித உறையில் போடுங்கள். பெரும்பாலான கட்டுகளுக்கு இவ்வளவு துப்புரவே போதுமானது.

எரிசாராயமும் (எத்தனால்) வாலைவடிநீரும் (டிஸ்டில்டு வாட்டர்) சரிபாதி கலந்து, பஞ்சில் தொட்டுப் பிழிந்து துடைக்கும் முறை உண்டு. அதைப் பழகியவர்தான் செய்ய வேண்டும். முதலில் எழுத்தில்லாத மூலையில் சோதித்துப் பார்க்க வேண்டும். வண்ணப்படம் உள்ள ஏட்டிலும், கீறாமல் மையால் எழுதிய ஏட்டிலும் அதைத் தொடவே கூடாது. விளக்கெரியும் பூசையறையில் எரிசாராயப் புட்டியைத் திறப்பது எவ்வளவு ஆபத்து என்று சொல்ல வேண்டியதில்லை.

எண்ணெய் விஷயத்தில் எங்களுக்குள்ளேயே வாதம் உண்டு. எலுமிச்சம்புல் எண்ணெய் தடவுவது சுவடி நூலகங்களில் நெடுநாள் வழக்கம். ஓலைக்கு நெகிழ்வைத் தரும், பூச்சியை அண்டவிடாது. ஆனால் அளவு மிஞ்சினால் ஏடு கறுக்கும், தூசியை இழுக்கும், மழைக்காலத்தில் ஏடுகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். எங்கள் கருத்து இது: லேசாக வளைத்தால் வளைந்து கொடுக்கிற ஏட்டுக்கு எண்ணெய் தேவையில்லை. வளையாமல் மொடமொடக்கும் ஏட்டுக்கு, துப்புரவு முடிந்தபின், பஞ்சில் ஈரம் தெரியாத அளவுக்குத் தொட்டு ஒரே ஒரு பூச்சு, பிறகு நிழலில் விசிறிக்காற்று. தூசியோடு கிடக்கும் ஏட்டில் எண்ணெய் விட்டால், தூசி சேறாகிக் கீறலுக்குள் இறுகிவிடும். தேங்காயெண்ணெய், நல்லெண்ணெய், மண்ணெண்ணெய் எதுவும் வேண்டாம். மண்ணெண்ணெய் ஊற்றிய கட்டுகளைப் பார்த்திருப்பதால்தான் இதையும் எழுத வேண்டியிருக்கிறது.

மஞ்சள் தடவி எழுத்தைத் துலக்குவது பழைய முறைதானே என்று கேட்பீர்கள். எழுதிய புதிதில், புது ஓலைக்குச் செய்த வேலை அது. இருநூறு வருட ஓலையில் மஞ்சள்தூள் கீறலை அடைக்கிறது, படத்தில் எழுத்துக்கும் ஓலைக்கும் வேறுபாடு தெரியாமல் செய்கிறது. மங்கலான ஏட்டுக்கு மை ஏற்ற விளக்குக்கரிதான் சரி. அதைப் படமெடுத்து முடித்த பிறகு, தெரிந்தவர் கையால் செய்துகொள்ளலாம். அவசரமே இல்லை.

சரஸ்வதி பூசையைப் பற்றியும் சொல்லிவிடுகிறோம், யாரும் மனம் வருந்த வேண்டாம். சுவடியைப் பூசையில் வைப்பதால்தான் பல வீடுகளில் அது இன்னும் இருக்கிறது. வழிபாட்டுக்கு நாங்கள் எதிரிகள் அல்ல. சந்தனமும் குங்குமமும் மேல்சட்டத்துக்கோ சுற்றியிருக்கும் துணிக்கோ வைத்தால் போதாதா? ஓலையின் மேல் ஈரச் சந்தனம் வைத்தால் அந்த இடத்தில்தான் பூஞ்சை முதலில் பிடிக்கிறது. பூச்சரத்தைக் கட்டின் மேல் சாத்தி இரவு முழுதும் விடாதீர்கள். விளக்குப் புகையும் கற்பூரப் புகையும் படியாத தூரத்தில் வைத்து, பூசை முடிந்ததும் பெட்டிக்குத் திருப்பிவிடுங்கள்.

பெட்டி இருக்கும் இடம் மடப்பள்ளிச் சுவரையோ குளியலறைச் சுவரையோ ஒட்டியிருக்கக் கூடாது. தரையிலிருந்து ஓரடி உயரம், சுவரிலிருந்து அரையடி இடைவெளி இருக்கட்டும். காற்றின் ஈரப்பதம் 65 விழுக்காட்டைத் தாண்டி நின்றால் பூஞ்சை வரும். 40க்குக் கீழே போனால் ஓலை நொறுங்கும். 50க்கும் 60க்கும் இடையில் வைத்திருக்க முயலுங்கள். ஈரப்பதமானி சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது, அதை வாங்கி அறையில் மாட்டி, காலையும் மாலையும் ஒரு நோட்டில் குறித்தாலே அறையின் குணம் தெரிந்துவிடும். பகலில் ஏசி போட்டு, அலுவலகம் மூடும்போது அணைப்பதுதான் எல்லாவற்றிலும் மோசம். தினமும் ஓலை விரிந்து சுருங்குகிறது, துளையோரம் விரிசல் விடுகிறது. நாள் முழுதும் ஓட்ட முடியாதென்றால் ஏசியே வேண்டாம். கருங்கல் அறையின் மாறாத வெப்பம் அதைவிடப் பாதுகாப்பு.

சுற்றும் துணி சாயமிடாத காடாத் துணியாக இருக்கட்டும். கடையிலிருந்து வந்ததை அப்படியே சுற்றாதீர்கள். அதில் கஞ்சி இருக்கும், கஞ்சி பூச்சிக்கு விருந்து. இரண்டு முறை வெந்நீரில் அலசிக் காயவைத்த பிறகு பயன்படுத்துங்கள். மரபுப்படி சிவப்புதான் வேண்டுமென்றால், ஈரமான வெள்ளைத் துணியால் தேய்த்துச் சாயம் ஒட்டுகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். செய்தித்தாள், பாலித்தீன் உறை இரண்டும் கூடாது. வசம்புத் துண்டுகளைச் சிறு துணி முடிச்சில் கட்டிப் பெட்டியின் மூலையில் வைக்கலாம், வாசனை குறைந்ததும் மாற்ற வேண்டும். வேப்பிலை வைப்பதென்றால் முழுக்கக் காய்ந்தது மட்டும். பச்சை இலை பெட்டிக்குள் ஈரத்தைக் கொண்டுவரும். பாச்சை உருண்டையைத் தவிர்த்துவிடுங்கள், அறையில் வேலை செய்பவர் உடம்புக்கும் கேடு.

ஓட்டையெல்லாம் புதிய ஓட்டை என்று பயப்பட வேண்டாம். இராமபாணம் என்ற ஏட்டுப்பூச்சி துளைத்துவிட்டுப் போய் நூறு வருடம் ஆகியிருக்கலாம். பூச்சி இப்போது உள்ளே இருக்கிறதா என்று அறிய, தூசி தட்டிய கட்டை ஒரு கறுப்புத் தாளின் மேல் வைத்து இரண்டு வாரம் தொடாமல் விடுங்கள். மாவு போலப் புதுத் தூள் உதிர்ந்திருந்தால் உயிரோடு இருக்கிறது. அந்தக் கட்டை மட்டும் தடித்த பாலித்தீன் உறையில் போட்டுக் காற்றுப் புகாமல் மூடி, மற்றவற்றிலிருந்து பிரித்துவையுங்கள். இங்கே மட்டும் பாலித்தீன் சரி, சில நாட்களுக்கு. பிறகு சுவடி நூலகம் ஒன்றைக் கேளுங்கள். மைனஸ் 20 டிகிரியில் ஒரு வாரம் உறைய வைத்து, வெளியே எடுத்த பின்னும் ஒரு முழு நாள் உறையைத் திறக்காமல் அறைவெப்பத்துக்கு வரவிடுவது ஒரு முறை. வீட்டு ஃபிரிட்ஜில் இதை முயலாதீர்கள். அதன் குளிர் ஒரே அளவில் நிற்காது.

ஒட்டிக்கொண்ட ஏடுகளைப் பிரிக்கக் கத்தி, பிளேடு, நகம் எதுவும் வேண்டாம். ஒன்றாக ஒட்டியிருக்கும் இருபது ஏடு இன்னும் இருபது ஏடுதான். பிரித்துக் கிழித்தபின் அது துணுக்கு. ஒட்டியிருப்பதாகப் பதிவேட்டில் எழுதிவிட்டு அப்படியே வையுங்கள். மூடிய பெட்டிக்குள் ஈர ஒற்றுத்தாளை (பிளாட்டிங் பேப்பர்) கீழே விரித்து, அதைத் தொடாதபடி வலைமேல் கட்டை வைத்து, ஈரக்காற்றால் மெல்ல இளக்கி, மூங்கில் சீவலால் பிரிக்கும் வேலை பயிற்சி பெற்றவருடையது. உடைந்த ஏட்டுக்கு செலோடேப்பும் ஃபெவிகாலும் லேமினேஷனும் ஒட்டுப்போடும் வழிகள் அல்ல. டேப்பின் பசை மஞ்சளாகி இறுகும், உரித்தால் மேல்தோலோடு வரும்.

கயிறு பருத்தி நூல் கயிறாக இருக்கட்டும். நைலான் துளையை அறுக்கும். துளையில் செருகியிருக்கும் இரும்புக் கம்பி (நாராசம்) துருவேறியிருந்தால் எடுத்துவிட்டு மூங்கில் குச்சி போடுங்கள். எடுத்த கம்பியையும், கயிற்று நுனியில் கிளிமூக்கு (கிளியின் மூக்குப்போல் கத்தரித்துக் கட்டிய ஓலைத்துண்டு) இருந்தால் அதையும் எறியாமல் தனி உறையில் சேர்த்துவையுங்கள், அதுவும் சுவடியின் பகுதிதான். கட்டும்போது ஏடுகள் நகராத அளவு இறுக்கம் போதும். சட்டம் இல்லாத கட்டுக்கு, ஏட்டைவிட இரு பக்கமும் அரை செ.மீ. கூடுதலாகத் தேக்குச் சட்டம் செய்துகொள்ளலாம். ஒட்டுப்பலகையும் புது வார்னிஷும் வாயுவை விடும், வேண்டாம்.

படமெடுப்பதற்கு ஸ்கேனர் தேவையில்லை, கூடவும் கூடாது. கண்ணாடியால் அழுத்தினால் வளைந்த ஏடு ஒடியும். மேலிருந்து நேராகக் கீழே பார்க்கும் கேமரா, இரு பக்கமும் 45 டிகிரிக் கோணத்தில் விளக்கு, பளபளக்காத கறுப்பு அல்லது சாம்பல்நிறத் துணி, ஏட்டருகே ஒரு அளவுகோல் இருந்தால் போதும். 40 செ.மீ. நீள ஏட்டை 6000 புள்ளி அகலம் தரும் 24 மெகாபிக்சல் கேமராவின் சட்டம் நிறைய எடுத்தால் அங்குலத்துக்கு 380 புள்ளி கிடைக்கும். அது தாராளம். 12 மெகாபிக்சல் கைபேசியில் ஏறக்குறைய 250, படிக்க முடியும். ஆனால் இடத்தை மிச்சம் பிடிக்க ஒரே படத்தில் ஐந்து ஏடுகளை ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்காதீர்கள், புள்ளி அளவு குறையாவிட்டாலும் ஒன்றின் நிழல் ஒன்றில் விழும். ஓர் ஏடு, ஒரு பக்கம், ஒரு படம். கோப்பின் பெயரில் சுவடி எண், ஏட்டெண், முன்பக்கமா பின்பக்கமா என்பது இருக்கட்டும். படக்கோப்புகளை மூன்று படிகளாக வைத்து, அவற்றில் ஒன்றை வேறு ஊரில் வையுங்கள். வாட்ஸாப்பில் அனுப்பி வைத்ததை ஒரு படியாகக் கணக்கில் சேர்க்காதீர்கள், படமாக அனுப்பினால் அது சுருக்கிவிடும்.

வெள்ளம் வந்தால் செய்ய வேண்டியதை வெள்ளத்துக்கு முன்பே யாராவது ஒருவர் தெரிந்து வைத்திருக்க வேண்டும். 2023 டிசம்பரில் தாமிரபரணி கரைபுரண்டது போல ஒரு நாள் எந்த ஆற்றங்கரை ஊருக்கும் வரலாம். நனைந்த கட்டைத் தட்டையாகத் தூக்கி, சாய்த்து நீரை வடியவிடுங்கள். வெயிலிலோ அடுப்பருகிலோ வைக்க வேண்டாம், வேகமாகக் காயும் ஓலை முறுக்கிக்கொள்ளும். நிழலில், விசிறியின் கீழ், தானாகப் பிரியும் இடங்களில் மட்டும் ஒற்றுத்தாளைச் செருகி, தாள் ஈரமானதும் மாற்றிக்கொண்டே இருங்கள். 48 மணி நேரம் தாண்டினால் பூஞ்சை பிடிக்கும். அதற்குள் முடியாத அளவு கட்டுகள் இருந்தால், முதலில் உதவி கேட்டுத் தொலைபேசியை எடுங்கள்.

இரவல், கொடை, விற்பனை. 1972ஆம் ஆண்டின் தொல்பொருள்கள், கலைச் செல்வங்கள் சட்டப்படி, அறிவியல், வரலாறு, இலக்கியம் அல்லது அழகியல் மதிப்புள்ள சுவடி 75 ஆண்டு பழையதானாலே தொல்பொருள். உரிமம் இல்லாதவர் அதில் வணிகம் செய்யக் கூடாது, தனியார் வெளிநாட்டுக்குக் கொண்டுபோகவும் கூடாது. வாசலுக்கு வந்து விலை பேசுகிறவரிடம் இதைச் சொன்னால் போதும். ஆய்வாளருக்குக் கொடுப்பதானால் ஏட்டு எண்ணிக்கையோடு ரசீது வாங்குங்கள். சென்னைக் கீழ்த்திசைச் சுவடி நூலகம், தஞ்சை சரசுவதி மகால், தமிழ்ப் பல்கலைக்கழகத்தின் ஓலைச்சுவடித் துறை, உ.வே.சா. நூலகம் போன்ற இடங்களுக்கு ஒப்படைக்க எண்ணும் குடும்பங்கள், கொடையா, உரிமையை விடாமல் பாதுகாப்புக்குத் தரும் வைப்பா என்பதை எழுத்தில் தெளிவாக்கிக்கொண்டு, படங்களின் ஒரு படியைக் கேட்டுப் பெறுங்கள். கொடுப்பது குற்றமல்ல. கவனிக்க ஆளில்லாத பரணைவிட அங்கே இருப்பது எவ்வளவோ மேல்.

கோயில், மட நிர்வாகங்களிடம் குறிப்பாக மூன்றைக் கேட்கிறோம். சுவடிக்கென்று பெயர் குறித்து ஒருவரைப் பொறுப்பாக்குங்கள். அவர் பண்டிதராக இருக்க வேண்டியதில்லை, மாதம் ஒருமுறை பெட்டியைத் திறந்து தூளும் ஈரமும் பார்க்கிறவராக இருந்தால் சரி. பொறுப்பு ஒப்படைப்புப் பதிவேட்டில் ‘கட்டு 1’ என்பதற்குப் பதில் ‘கட்டு 1, ஏடு 212, விடுபட்டவை 14, 97’ என்பது போல எழுதி, பெறுபவர் எண்ணிப் பார்த்துக் கையெழுத்திடட்டும். அறையில் யாரும் இதுவரை திறக்காத பெட்டி இருந்தால், ஆட்களும் வெள்ளைத் தாளும் தூரிகையும் கேமராவும் தயாராகும்வரை அது பூட்டியே இருக்கட்டும்.

இப்படிக்கு,
சுவடிப் பராமரிப்புப் பணியாளர்கள்